சண்டைப் பயிற்சி: ஜூடோ ரத்தினம்

பழைய படங்களில் பெயர் போடும்போது ஒன்று விடாமல் படிக்கிற பழக்கம் நம் வயதுக்காரர்களில் சிலருக்கு உண்டு. கதை, வசனம், பாடல்கள், ஒளிப்பதிவு எல்லாம் போன பிறகு, நடனத்துக்கு அக்கம் பக்கத்தில் ஒரு வரி வரும். "சண்டைப் பயிற்சி: ஜூடோ ரத்தினம்." அந்த வரி திரையில் விழுந்ததும் டூரிங் கொட்டகையில் தரை டிக்கெட் பக்கமிருந்து ஒரு விசில் கிளம்பும். இன்றைக்கும் தொலைக்காட்சியில் பழைய படம் ஓடினால் நான் அந்த வரிக்காகக் காத்திருப்பேன். "யார் மியூசிக்குன்னு பார்க்காம யார் சண்டைன்னு பார்க்கிற மனுஷர் நீங்க ஒருத்தர்தான்" என்பாள் என் மனைவி. அதற்குக் காரணம் இருக்கிறது. சொல்கிறேன்.

2023 ஜனவரி 26, குடியரசு தினத்தன்று, குடியாத்தத்தில் ஜூடோ கே.கே.ரத்தினம் காலமானார். 1930இல் பிறந்தவர். செய்தித்தாளில் வந்ததைக் கத்தரித்து வைத்தேன். ரஜினிகாந்த் நேரில் வந்து அஞ்சலி செலுத்தினார் என்று எழுதியிருந்தார்கள். எத்தனை படம் என்பதில்தான் கணக்கு ஒத்து வரவில்லை. ஒரு பத்திரிகை 1200க்கு மேல் என்றது, இன்னொன்று 1500 என்றது. கின்னஸ் புத்தகத்தில் பெயர் ஏறியவர் என்பதை மட்டும் எல்லோரும் சொன்னார்கள். நான் அலுவலகத்தில் கணக்குப் பார்த்துப் பழகியவன், 300 வித்தியாசம் வந்தால் கோப்பைத் திருப்பி அனுப்பிவிடுவேன். ஆனால் இவர் விஷயத்தில் குறைந்த கணக்கை வைத்துக்கொண்டாலே போதும். 40 வருஷத்துக்கு, வருஷத்துக்கு 30 படம் வருகிறது. ஒரு படத்துக்கு நாலு சண்டை என்றால் ஒரு மனிதர் எத்தனை ஆயிரம் அடி, எத்தனை ஆயிரம் விழுதல் அமைத்திருப்பார் என்று நீங்களே பெருக்கிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அவர் முதலில் வந்தது நடிகராக. 1959இல் வந்த 'தாமரைக்குளம்' படத்தில் நடித்தார். நாகேஷுக்கும் அதுதான் முதல் படம் என்பார்கள். ஒரே குளத்தில் இறங்கிய இரண்டு பேரில் ஒருவரை நாடே கொண்டாடியது, இன்னொருவர் அடி வாங்கும் கூட்டத்தில் நின்றார். பிறகு 1966இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த 'வல்லவன் ஒருவன்' படத்தில் சண்டைப் பயிற்சியாளர் ஆனார். நாயகன் ஜெய்சங்கர். அதிலிருந்து அவருக்கு ஓய்வே இல்லை.

இங்கே என் பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தைக் கொஞ்சம் இழுக்க வேண்டியிருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள். என் தகப்பனாருக்குச் சொந்த ஊர் எறையூர்தான் என்றாலும் காரைக்காலில் ஒரு மண்டியில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார். அதனால் நான் படித்ததெல்லாம் பிரெஞ்சு மீடியம். கொடி மாறிவிட்டது, பாடப் புத்தகம் மட்டும் மாறாத காலம் அது. ஊருக்குத் திரும்பி வந்த பிறகு அந்தப் பிரெஞ்சு எனக்குச் சோறு போடவில்லை. தனியாகப் படித்து எஸ்.எஸ்.எல்.சி. எழுதித்தான் சர்க்கார் உத்தியோகம் கிடைத்தது. ஆனால் சில சொற்கள் மட்டும் மண்டையை விட்டுப் போகவில்லை.

சண்டைக் கலைஞருக்குப் பிரெஞ்சில் 'காஸ்கதேர்' என்று பெயர். 'காஸ்காத்' என்றால் அருவி. மூலத்தில் விழுதல் என்றே பொருள். ஆக காஸ்கதேர் என்றால் விழுகிறவன். நாம் 'சண்டைக் கலைஞர்' என்கிறோம், ஆங்கிலத்தில் ஸ்டண்ட் என்றால் வித்தை, சாகசம். பிரெஞ்சுக்காரன் மட்டும்தான் அந்த ஆள் உண்மையில் என்ன செய்கிறான் என்று பார்த்துப் பெயர் வைத்திருக்கிறான். இன்னொரு சொல் 'துப்ளூர்'. நடிகருக்குப் பதிலாக நிற்கிறவர், நாம் டூப் என்கிறோமே அவர். அதே சொல்லுக்குத் தையற்கடையில் வேறு பொருள் உண்டு, கோட்டுக்கு உள்ளே வைத்துத் தைக்கிற லைனிங் துணி. வெளியே தெரியாது, ஆனால் அது இல்லாவிட்டால் கோட்டு உடம்பில் நிற்காது. நம் 'டூப்' டூப்ளிகேட்டின் சுருக்கமாகத்தான் இருக்க வேண்டும். ஆனால் பிரெஞ்சில் 'துப்' என்றால் ஏமாந்தவன் என்று அர்த்தம். அந்தப் பொருத்தத்தையும் பின்னால் பார்க்கப் போகிறோம்.

'வல்லவன் ஒருவன்' படமே ஒரு பிரெஞ்சுப் படத்தின் தழுவல் என்று சொல்வார்கள். ஓ.எஸ்.எஸ். 117 என்று ஒரு துப்பறியும் நாயகன், நம்மூர் சங்கர்லால் மாதிரி அங்கே புத்தகங்களில் பிரபலம். அவனை வைத்து ஆந்த்ரே யூன்பெல் என்ற இயக்குநர் 1964இல் பாங்காக்கில் நடக்கிற கதையாக ஒரு படம் எடுத்தார். அதுதான் சேலத்துக்கு வந்து ஜெய்சங்கர் ஆனது. 1970இல் வந்த 'சி.ஐ.டி. சங்கர்' படத்துக்கும் அதே நாயகனின் இன்னொரு படம்தான் மூலம் என்பார்கள். பெரம்பலூரிலிருந்து ஆத்தூர் வழியாகப் போனால் சேலம். காரைக்காலில் படித்துவிட்டு வந்தவனுக்கு, பாரிஸ் சரக்கு நமக்குப் பக்கத்து ஜில்லாவில் தமிழாகி வந்ததில் ஒரு ரகசிய சந்தோஷம்.

அதே யூன்பெல் அதே 1964இல் 'ஃபாந்தோமாஸ்' என்று இன்னொரு படமும் எடுத்தார். நாயகன் ழான் மரே. அதில் மோட்டார் சைக்கிள் ஓட்டுவதற்காக ரெமி ழூலியேன் என்ற மோட்டோகிராஸ் பந்தயக்காரரை அழைத்து வந்தார்கள். அதுதான் அவருக்கு முதல் படம். பின்னால் ஜேம்ஸ் பாண்ட் படங்கள் உட்பட 1400க்கு மேல் செய்தார் என்பது அவர் கணக்கு. அவரும் நம் ரத்தினம் போலவே 1930இல் பிறந்தவர். 2021 ஜனவரியில், 90 வயதில், கொரோனாவில் போனார். அவரை சினிமாவுக்குக் கூட்டி வந்த ழில் தெலாமார் என்ற காஸ்கதேருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 1966 மே மாதம், ழான் மரேயின் படமொன்றுக்காகக் கார் ஓட்டிக் காட்டும்போது அது கவிழ்ந்து இறந்தார். சேலத்தில் ரத்தினம் மாஸ்டர் தன் தொழிலைத் தொடங்கிய அதே வருஷம். இந்தத் தொழிலில் 90 வயது வரை இருப்பதே ஒரு சாதனை என்று தோன்றுகிறது. கின்னஸ் புத்தகத்தில் அதையும் எழுதியிருக்கலாம்.

பெயருக்கு முன்னால் 'ஜூடோ' என்று இருக்கிறதே, அதில்தான் விஷயம் இருக்கிறது. ஜூடோவை 1882இல் ஜப்பானில் உருவாக்கியவர் ஜிகோரோ கானோ, அவர் ஒரு கல்வியாளர். அந்த வித்தையில் முதலில் சொல்லிக்கொடுப்பது எதிரியை எப்படித் தூக்கிப் போடுவது என்பது அல்ல. எப்படி விழுவது என்பதுதான். தாடையை நெஞ்சோடு ஒட்டிக்கொள்ள வேண்டும், பின்மண்டை தரையில் படக் கூடாது. முதுகு தரையைத் தொடுகிற அதே நொடியில் நீட்டிய கையால் தரையை ஓங்கி அறைய வேண்டும். ஒரே இடத்தில் இறங்க வேண்டிய அடி கை முழுக்கப் பரவிப் போய்விடும். இதை நாள்கணக்கில் செய்த பிறகுதான் மற்றது. நம்மூர்ச் சிலம்ப வாத்தியார்கள் தற்காப்பை முதலில் வைப்பது போலத்தான் இதுவும்.

இதையெல்லாம் நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. எனக்குச் சொன்னவர் என் பெரியப்பா மகன். பெயர் வேண்டாம், அண்ணன் என்றே எழுதுகிறேன். என்னைவிட ஏழு வயது மூத்தவர்.

எறையூர்ப் பக்கம் அந்தக் காலத்தில் ஆறு குளத்தில் நீந்திப் பழகியவர்கள் குறைவு, எல்லாம் கிணறுதான். மானாவாரி பூமியில் அகலமாக வெட்டிய கவலைக் கிணறுகள், கோடையில் தண்ணீர் பாதாளத்தில் கிடக்கும். அண்ணன் கவலை ஏற்றத் தூணின் உச்சியில் ஏறி அங்கிருந்து குதிப்பார். நாங்கள் கரையில் நின்று எண்ணுவோம். ஐந்து எண்ணுவதற்குள் தண்ணீர்ச் சத்தம் கேட்கும். கொட்டகையில் ஜெய்சங்கர் படம் பார்த்துவிட்டு வந்தால் மறுநாள் வைக்கோல் போரில் அத்தனை சண்டையையும் அவர் ஒருவரே செய்து காட்டுவார். நாயகனாக அல்ல, அடி வாங்குகிறவனாக. "ஜெய்சங்கர் சும்மா கையை நீட்டுறாரு. எகிறிப் போய் வுழறான் பாரு, அவன்தான்டா வேலைக்காரன்" என்பார். இருபத்தைந்து வயதில், 1968 வாக்கில், விதைக்கு வைத்திருந்த கடலை மூட்டையை விற்றுவிட்டு மெட்ராஸுக்குப் போய்விட்டார்.

கோடம்பாக்கத்தில் ஒரு மாஸ்டரின் குழுவில் சேர இரண்டு வருஷம் ஆயிற்று. ரத்தினம் மாஸ்டரிடம் சேர வேண்டும் என்பது ஆசை, நடக்கவில்லை. வேறொருவரிடம் ஃபைட்டர் ஆனார். வருஷம் ஒருமுறை அய்யனார் பூசைக்கு ஊருக்கு வரும்போது திண்ணையில் உட்கார்த்தி வைத்து நாங்கள் கேட்போம், அவர் சொல்வார். நமக்குத் தெரிந்த சினிமா ஒன்று, அவர் சொன்ன சினிமா வேறு.

நாயகனின் குத்து எதிராளியின் முகத்தில் படுவதே இல்லை. ஒரு சாண் தள்ளியே போகும். காமிரா நாயகனின் தோளுக்குப் பின்னாலோ விழுகிறவனின் முதுகுக்குப் பின்னாலோ இருப்பதால் அந்த ஒரு சாண் நம் கண்ணுக்குத் தெரியாது. 'டிஷ்யூம்' சத்தம் பிறகு ஒலிப்பதிவுக் கூடத்தில் சேர்ப்பது. அப்படியானால் அடி எங்கே இருக்கிறது? வாங்குகிறவனிடம். அவன் தலையைத் திருப்புகிற வேகம், கால் தரையை விட்டு எழும்புகிற நொடி, மேசையோடு சரிகிற விதம், இவைதான் நாம் பார்க்கிற அடி. கால் நொடி முந்தினால் கொட்டகையில் சிரிப்பார்கள். கால் நொடி பிந்தினால் நிஜமாகவே பல் போகும். நாயகனுக்கு நேரம் தவறினாலும் அதைச் சரிக்கட்டுவது விழுகிறவன் பொறுப்பு. "ஹீரோ எங்க கையை வீசினாலும் அங்க என் மூஞ்சி இருக்கணும் தம்பி, ஆனா படக் கூடாது" என்று சொல்லிவிட்டு அண்ணன் சிரிப்பார்.

நான் அப்போது எழுத்தராக இருந்தேன். கோப்பு வரும், விதியைத் தேடி எடுத்துக் குறிப்பு எழுதுவேன், வரைவு தயாரிப்பேன். அதிகாரி "ஒப்புதல்" என்று ஒரு சொல் எழுதிக் கையெழுத்துப் போடுவார். ஆணை அவர் பெயரில் போகும். அதில் எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது, ஆனால் அண்ணன் சொன்னது எனக்குப் பளிச்சென்று புரிந்தது. ஒரே ஒரு வித்தியாசம். என் வரைவில் பிழை இருந்தால் மெமோ வரும். இடுப்பெலும்பு முறியாது.

ரத்தினம் மாஸ்டர் இந்தத் தொழிலை ஒரு குருகுலமாக ஆக்கிவிட்டார். சூப்பர் சுப்பராயன், விக்ரம் தர்மா, ஜாகுவார் தங்கம் என்று பின்னால் நாம் பெயர் படித்த மாஸ்டர்கள் பலர் அவரிடம் இருந்து வந்தவர்கள். தமிழ், தெலுங்கு, கன்னடம், மலையாளம், இந்தி எல்லாவற்றிலும் வேலை செய்தார். ரஜினி படங்கள் மட்டும் 40க்கு மேல் என்பார்கள். அவற்றை எல்லாம் பட்டியல் போட நான் வரவில்லை. இரண்டைச் சொன்னால் போதும்.

ஒன்று, 1980இல் வந்த 'முரட்டுக்காளை'. ஏ.வி.எம். படம், எஸ்.பி.முத்துராமன் இயக்கம். அந்த ரயில் சண்டையை நம் தலைமுறையில் மறந்தவர் இருக்க முடியாது. கம்ப்யூட்டரில் ரயில் செய்கிற காலம் அல்ல அது, மேலே நிற்க ஆள் வேண்டும். இன்னொரு விசேஷமும் அதில் உண்டு. 1966இல் ரத்தினம் மாஸ்டர் முதன்முதலில் சண்டை அமைத்துக் கொடுத்த நாயகன் ஜெய்சங்கர், 14 வருஷம் கழித்து இந்தப் படத்தில் வில்லனாக வந்து நின்றார். நாயகன் மாறினார், நாயகனே வில்லனானார், ஆனால் பெயர் போடும்போது சண்டைப் பயிற்சி என்ற இடத்தில் அதே பெயர். திரைக்கு முன்னால் இருப்பவர்களுக்குத்தான் காலம் சீக்கிரம் முடிகிறது போலும்.

இரண்டாவது, 1983 பொங்கலுக்கு வந்த 'பாயும் புலி'. ஹாங்காங்கின் ஷாவோலின் படமொன்றைப் பார்த்து எடுத்தது. 1973இல் புரூஸ் லீயின் 'என்டர் தி டிராகன்' உலகத்தையே கலக்கிய பிறகு நம்மூர்ப் பையன்கள் கூட 'ஹூ' என்று கத்திக்கொண்டு கையை வெட்டும் நிலையில் இருந்தார்கள். கத்திச் சண்டை, கம்புச் சண்டை, மேசை நாற்காலி உடைக்கிற சண்டை எல்லாம் போய்க் காலால் உதைக்கிற சண்டை வந்துவிட்டது. கத்திச் சண்டைக் காலத்து மாஸ்டர்கள் பலர் அதோடு ஒதுங்கிவிட்டார்கள். ஐம்பதைத் தாண்டிய ரத்தினம் மாஸ்டர் அந்த அலையிலும் நின்றார். கிழக்கத்திய வித்தையை 'ஜூடோ' என்று பெயரிலேயே வைத்திருந்தவருக்கு அது புதுசாகவா இருந்திருக்கும்?

அண்ணனுக்கு அந்த வருஷங்களில் கதை வேறு மாதிரி போயிற்று. ஒரு படப்பிடிப்பில் மாடியிலிருந்து குதிக்க வேண்டும். கீழே காலி அட்டைப் பெட்டிகளை அடுக்கி மேலே மெத்தை போட்டிருப்பார்கள். பெட்டிகள் ஒவ்வொன்றாக நசுங்கி நம் வேகத்தைக் குடித்துவிடும், அதுதான் சூட்சுமம். அன்று அடுக்கில் ஓர் ஓரத்தில் இடைவெளி இருந்திருக்கிறது. இடுப்பு போயிற்று. ஆறு மாதம் படுக்கை. குழுவில் கூட இருந்தவர்கள்தான் கைக்காசைப் போட்டு ஆஸ்பத்திரிச் செலவைப் பார்த்தார்கள், அதை அவர் சாகும் வரை சொன்னார். படம் நன்றாக ஓடியது. அவர் குதித்த காட்சி படத்திலும் இருக்கிறது. பால்கனியில் நாயகன் ஒரு காலை எடுத்து வைக்கிறார், அடுத்த நொடி ஒரு முதுகு காற்றில் போகிறது, அதற்கடுத்த நொடி நாயகன் தரையில் எழுந்து சட்டையைத் தட்டுகிறார். நடுவில் போகிற முதுகு எங்கள் அண்ணனுடையது. கோட்டுக்கு உள்ளே இருக்கிற துணி.

ஊருக்கு வந்துவிட்டார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. சர்க்கரை ஆலைக்குப் போகிற வண்டிகள் நிற்கிற இடத்தில் ஒரு டீக்கடைக்கு ஒத்தாசையாக இருந்தார், உட்கார்ந்தபடியே செய்கிற வேலை. பையன்கள் கேட்டால் ஊன்றுகோலைக் கீழே வைத்துவிட்டு, தலையை மட்டும் திருப்பி அடி வாங்கிக் காட்டுவார். இடுப்புக்கு மேலே அத்தனையும் அப்படியே இருந்தது.

அறுபது முடிந்ததும் முதியோர் உதவித்தொகைக்கு மனுப் போடலாம் என்று நான்தான் சொன்னேன். நான் வேலை பார்த்தது வேறு தாலுகா, இந்த மனுவுக்கும் என் நாற்காலிக்கும் சம்பந்தமில்லை. ஆனால் மனு எழுதுவதில் என்னைவிடத் தேர்ந்தவன் எங்கள் வகையறாவில் கிடையாது. திண்ணையில் உட்கார்ந்து நிரப்பிக்கொண்டே வந்தேன். பெயர், தகப்பனார் பெயர், வயது, சொத்து விவரம். 'தொழில்' என்ற இடத்தில் பேனா நின்றது.

"என்னண்ணே போடட்டும்?"

"வுழறது" என்றார்.

இரண்டு பேரும் சிரித்தோம். பிறகு, "நடிகர்னு போடேன்" என்றார் மெதுவாக. குரலில் கொஞ்சம் கூச்சம் இருந்தது. அவர் தன்னை அப்படிச் சொல்லிக்கொண்டு நான் கேட்டது அன்றைக்கு ஒரு தடவைதான்.

எனக்குத் தெரியும், அந்தச் சொல்லைப் போட்டால் மனு நகராது. நடிகர் என்றால் பங்களா, கார் என்று நினைப்பார்கள். சினிமாவில் சம்பாதித்தவருக்கு எதற்கு சர்க்கார் பணம் என்று விசாரணைக்கு எழுதுவார்கள். அதற்கு ஆதாரம் கேட்பார்கள். அவரிடம் என்ன ஆதாரம்? இருபது வருஷத்தில் ஒரு படத்தில் கூட அவர் பெயர் போட்டதில்லை. ஃபைட்டர்கள் பெயரை அன்று யார் போட்டார்கள்? மாஸ்டர் பெயரோடு முடிந்துவிடும். திரையில் நூறு தடவை தெரிந்த முகத்துக்கு, தாளில் காட்ட ஒரு எழுத்து இல்லை. "ஆதரவற்றவர், கூலி" என்று எழுதினேன். அவர் கையெழுத்தை மட்டும் அழகாகப் போட்டார், ஆட்டோகிராஃப் போடுவது போல ஒரு சுழி சுழித்து. நாலு மாதத்தில் உதவித்தொகை வந்தது.

இன்று நிலைமை மாறவில்லையா என்று கேட்பீர்கள். மாறியிருக்கிறது. சங்கம் இருக்கிறது, சங்கம் கேட்டு வாங்கிக் கொடுக்கிறது. கயிறு கட்டித் தொங்கவிட்டுப் பிறகு கம்ப்யூட்டரில் கயிற்றை அழிக்கிறார்கள். 2016ஆம் வருஷப் படங்களிலிருந்து தேசிய விருதில் சண்டைப் பயிற்சிக்கென்று தனி விருது வந்தது. முதலில் வாங்கியவர் 'புலிமுருகன்' படத்துக்காக பீட்டர் ஹெய்ன். ஆஸ்கார்காரர்கள் 2025 ஏப்ரலில்தான் கண் விழித்து, 2027இல் வெளியாகும் படங்களிலிருந்து சண்டை அமைப்புக்கும் விருது உண்டு என்று அறிவித்தார்கள். நூறாவது விழாவுக்கு வந்த பிறகு.

ஆனால் விழுகிறவன் இன்னும் விழுந்துகொண்டுதான் இருக்கிறான். 2022 டிசம்பரில் வண்டலூர் அருகே ஒரு படப்பிடிப்பில் கயிறு அறுந்து ஒரு சண்டைக் கலைஞர் இறந்தார். 2024 ஜூலையில் சென்னையில் ஒரு ஸ்டுடியோவில் ஒத்திகையின்போது உயரத்திலிருந்து விழுந்து இன்னொருவர். 2025 ஜூலையில் நாகப்பட்டினம் மாவட்டத்தில் கார் பல்டி அடிக்கிற காட்சியில் இன்னொருவர். மூவருமே ஐம்பதைத் தாண்டியவர்கள் என்பதைப் பத்திரிகையில் பார்த்தபோது எனக்கு நெஞ்சை அடைத்தது. அந்த வயதில் நான் சுழல் நாற்காலி வேண்டும் என்று கோரிக்கை எழுதிக்கொண்டிருந்தேன். அதன் பிறகு இந்தி நடிகர் அக்ஷய் குமார் தன் முயற்சியில் 650 சண்டைக் கலைஞர்களுக்குக் காப்பீடு செய்து கொடுத்தார் என்று செய்தி வந்தது. நல்ல மனது, வாழ்க. ஆனால் கடைநிலை ஊழியருக்குக் கூட மாதா மாதம் சம்பளப் பட்டியலில் குடும்ப நல நிதி என்று பிடித்தம் செய்கிறது சர்க்கார். அவன் நல்லவனா, அவனுடைய மேலதிகாரி நல்லவரா என்று பார்த்துச் செய்வதில்லை. கோடிக் கணக்கில் புரள்கிற ஒரு தொழிலில் உயிர் ஒரு நடிகரின் நல்ல மனதை நம்பி இருக்கலாமா? என் அனுபவத்தில், தர்மமாகக் கிடைப்பதற்கும் விதிப்படி கிடைப்பதற்கும் உள்ள தூரம் அதிகம். அண்ணனுக்கு ஆஸ்பத்திரியில் கிடைத்தது முதல் வகை.

ரத்தினம் மாஸ்டர் கடைசியாகத் திரையில் தோன்றியது 2006இல் சுந்தர்.சி நடித்த 'தலைநகரம்' படத்தில். அது தொலைக்காட்சியில் வந்தபோது அண்ணன் எங்கள் வீட்டில் இருந்தார். நான் அப்போதுதான் ஓய்வு பெற்றிருந்தேன், மத்தியானச் சாப்பாட்டுக்கு அவரைக் கூப்பிட்டிருந்தேன். படம் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது, வடிவேலுவுக்கு எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். திடீரென்று அண்ணன் ஊன்றுகோலைத் தேடினார். எழுந்து நிற்க முயன்றார். என்ன என்று கேட்டேன்.

"மாஸ்டர்டா" என்றார். "ரத்தினம் மாஸ்டர்."

எழுபதைத் தாண்டிய முகம். என் பேரன் "யார் தாத்தா அது?" என்று கேட்டான். அண்ணன் பதில் சொல்லவில்லை, அந்தக் காட்சி முடிகிற வரை நின்றுகொண்டே பார்த்தார். பிறகு உட்கார்ந்து, சோற்றைப் பிசைந்துகொண்டே, "கழுத்து பாரு, எவ்வளவு நேரா இருக்கு" என்றார்.